பதினேழு வயதில் "நான் எதுக்கும் லாயக்கில்லை": பெற்றோரின் அரவணைப்புக்கு இதில் எவ்வளவு பங்கு?

உங்கள் மகளுக்குப் பதினேழு வயது. சின்ன வயதிலிருந்து அன்பில் குறை வைத்ததில்லை, கை நீட்டி அடித்ததில்லை, "உன்னை மாதிரி புத்திசாலி யாருமே இல்ல" என்று சொல்லிச் சொல்லியே வளர்த்தேன், ஆனாலும் போன மாதம் ஒரு நாள் "நான் எதுக்கும் லாயக்கில்லம்மா" என்று சொல்லிவிட்டுப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள் என்று எழுதியிருக்கிறீர்கள். பெற்றோரின் அன்பு போதாத பிள்ளைகளுக்குத்தான் தன்மதிப்பு குறையும் என்று எங்கோ படித்ததாகவும் சொல்கிறீர்கள். அது உண்மையா, இனிமேல் சரிசெய்ய முடியுமா, அவளிடம் எப்படிப் பேச்சை எடுப்பது என்பவை உங்கள் கேள்விகள். இந்த மூன்றுக்கும் அடியில் நீங்கள் எழுதாமல் விட்ட நாலாவது ஒன்றும் எனக்குக் கேட்கிறது: "தப்பு என் மேலதானா?" அதையும் சேர்த்தே பதில் சொல்கிறேன்.

நான் உளவியல் படித்தவள். பதின்வயதுப் பிள்ளைகளோடும் அவர்களின் பெற்றோரோடும் உட்கார்ந்து பேசுவதே 21 வருடங்களாக என் வேலை. ஆனால் உங்கள் மகளை நான் பார்த்ததில்லை. அரைப் பக்கக் கடிதத்தை வைத்துக்கொண்டு அவளுக்குள் என்ன நடக்கிறது என்று சொன்னால் அது ஜோசியம். இந்த வயதுப் பிள்ளைகளைப் பற்றிப் பொதுவாக என்ன தெரியும், அதில் எது உறுதியானது, எது இன்னும் இழுபறியில் இருக்கிறது என்று பிரித்துச் சொல்ல முடியும். உங்கள் வீட்டுக்கு எது பொருந்துகிறது என்று நீங்கள்தான் எடுத்துக்கொள்ள வேண்டும்.

முதலில் சொற்களைத் துலக்கிக்கொள்வோம். தன்னம்பிக்கை, சுயமரியாதை, தன்மதிப்பு மூன்றையும் நாம் மாற்றி மாற்றிப் பயன்படுத்துகிறோம். "இந்தக் கணக்கை என்னால் போட முடியும்" என்பது தன்னம்பிக்கை. "என்னை யாரும் கேவலமாக நடத்த விடமாட்டேன்" என்பது சுயமரியாதை. கணக்கு வந்தாலும் வராவிட்டாலும் "நானும் ஒரு ஆள்தான், எனக்கும் ஒரு இடம் உண்டு" என்று உள்ளுக்குள் இருக்கும் உணர்வுதான் தன்மதிப்பு. மோரிஸ் ரோசன்பர்க் என்ற அமெரிக்கச் சமூகவியலாளர் 1965இல் வெளியிட்ட 10 வாக்கியங்கள் கொண்ட அளவுகோலைத்தான் உலகம் முழுக்க இன்றும் பயன்படுத்துகிறார்கள். பள்ளிப்படிப்பின் கடைசி வருடங்களில் இருந்த, அதாவது உங்கள் மகளின் வயதில் இருந்த, ஐயாயிரத்துச் சொச்சம் பேரிடம் அவர் அதைக் கொடுத்துப் பார்த்தார். படிப்பு, அழகு இரண்டைப் பற்றியும் அதில் கேள்வி கிடையாது. ஒரு வாக்கியம் ஏறக்குறைய இப்படி வரும்: "சில சமயம் நான் எதற்குமே உதவாதவர் என்று தோன்றுகிறது." உங்கள் மகள் சொன்னதும் கிட்டத்தட்ட அதே வாக்கியம்தான். "சில சமயம்" என்ற சொல் அவள் பேச்சில் இருந்ததா இல்லையா என்பது முக்கியம். அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

அடுத்தது அன்பு. இங்கேதான் பெற்றோர்கள் தடுமாறுகிறார்கள். பாசம் என்று நாம் சொல்வது நமக்குள் இருப்பது. அரவணைப்பு என்பது பிள்ளைக்குப் போய்ச் சேர்வது. முதலாவது மலையளவு இருந்து இரண்டாவது கையளவுகூடப் போய்ச் சேராத வீடுகளை வாரம் தவறாமல் பார்க்கிறேன். ரொனால்ட் ரோனர் என்பவர் பெற்றோரின் ஏற்பையும் புறக்கணிப்பையும் பல நாடுகளில் பல பத்தாண்டுகளாக ஆராய்ந்தவர். பெற்றோர் உண்மையில் எவ்வளவு நேசிக்கிறார்கள் என்பதைவிட, தான் நேசிக்கப்படுவதாகப் பிள்ளை உணர்கிறதா என்பதைத்தான் அவர் தன் ஆய்வுக்கு அச்சாக வைத்தார். பெற்றோரிடமும் பிள்ளையிடமும் தனித்தனியாகக் கேட்டால் பதில்கள் ஒத்துப்போவது குறைவு என்பது இந்தத் துறையில் திரும்பத் திரும்பக் கண்ட விஷயம். ஆகவே "அன்பில் குறை வைத்ததில்லை" என்று நீங்கள் சொல்வதை நான் முழுதாக நம்புகிறேன். அது கேள்வியின் ஒரு பாதி. மறுபாதிக்கு அவள்தான் பதில் சொல்ல வேண்டும்.

ஒரு பெண்பிள்ளை நினைவுக்கு வருகிறாள். அடையாளம் தெரியாதபடி சிலவற்றை மாற்றித்தான் சொல்கிறேன். பதினெட்டு வயது. "அப்பாவுக்கு நான் ஒரு வேலை மாதிரி" என்றாள். அப்பா வெளியில் உட்கார்ந்திருந்தார். மகளுக்காகச் சம்பளத்தை இழந்து விடுப்பு எடுத்துக்கொண்டு வந்த மனிதர். அவள் தன் போனை எடுத்து அப்பா அனுப்பிய செய்திகளைக் காட்டினாள். வந்தாச்சா? சாப்டாச்சா? பீஸ் கட்டியாச்சா? ரிசல்ட் எப்போ? விரலால் தள்ளத் தள்ள எல்லாமே கேள்விக்குறியில் முடிந்தன. அந்த மனிதர் அத்தனை கேள்வியையும் பாசத்தில்தான் கேட்டார், சந்தேகமில்லை. நடுவில் ஒன்றே ஒன்று மட்டும் வேறு மாதிரி இருந்தது: "நீ வரைஞ்ச அந்தக் கிழவி படத்தை ரொம்ப நேரம் பாத்துட்டு இருந்தேன்." அதை அவள் நட்சத்திரக் குறி போட்டுத் தனியாகச் சேமித்து வைத்திருந்தாள். ஏழு மாதத்துக்கு முந்தைய செய்தி அது. அப்பாவிடம் அவள் அனுமதியோடு அதைச் சொன்னபோது, அப்படி ஒன்றை அனுப்பியதே அவருக்கு ஞாபகம் இல்லை.

இப்போது ஆய்வுகள் சொல்வதற்கு வருகிறேன். உறுதியாகச் சொல்லக்கூடியது இது: பெற்றோரிடம் அரவணைப்பை உணரும் பிள்ளைகளின் தன்மதிப்பு, சராசரியாக, உணராத பிள்ளைகளைவிட உயர்ந்திருக்கிறது. வெவ்வேறு நாடுகளில், வெவ்வேறு அளவுகோல்களில், அறுபது வருடங்களாக இது மாறவில்லை. எவ்வளவு உயர்வு என்று கேட்டால்தான் பலர் ஏமாற்றம் அடைவார்கள். மார்ட்டின் பிங்கார்ட், கெர்க்கே இருவரும் நூற்றுக்கும் மேற்பட்ட ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்து 2019இல் வெளியிட்ட தொகுப்பில், அரவணைப்பும் தெளிவான வரம்புகளும் சேர்ந்த வளர்ப்புக்கும் பிள்ளையின் தன்மதிப்புக்கும் உள்ள தொடர்பு 0.26 என்று வந்தது. தொடர்பே இல்லையென்றால் 0, முழுத் தொடர்பு என்றால் 1. பிள்ளைகளுக்கு இடையில் தன்மதிப்பில் இருக்கும் வேறுபாட்டில் 7 சதவீதம் அளவுக்கே இந்த எண் விளக்கம் தருகிறது. சின்னது என்று தள்ளிவிட முடியாது. மனித மனத்தைப் பற்றிய ஆய்வில் ஒற்றைக் காரணம் ஒன்று இவ்வளவு தூரம் பேசுவதே பெரிது. ஆனால் "பிள்ளைக்குத் தன்மதிப்பு குறைவு, ஆகவே தாய் அன்பு காட்டவில்லை" என்று பின்னோக்கிக் கணக்குப் போட இந்த எண் இடம் கொடுக்காது. நீங்கள் படித்த கட்டுரை அந்தக் கணக்கைத்தான் போட்டிருக்கிறது. அது தவறு.

ரோசன்பர்க்கின் ஆய்விலேயே இன்னொரு முடிவு உண்டு. என் வேலையில் அதிகம் பயன்பட்டது அதுதான். பெற்றோர் தன் நண்பர்களை அறிந்திருந்தார்களா, மதிப்பெண் அட்டையைக் கொண்டுபோனால் என்ன செய்தார்கள், வீட்டில் எல்லோரும் சேர்ந்து உட்காரும்போது தன்னையும் பேச்சில் சேர்த்துக்கொண்டார்களா என்று அவர் மாணவர்களிடம் கேட்டார். கண்டித்த பெற்றோரின் பிள்ளைகளைவிட, எதையுமே கண்டுகொள்ளாத பெற்றோரின் பிள்ளைகளிடம்தான் தன்மதிப்பு தாழ்ந்திருந்தது. திட்டுவது நல்லது என்று இதற்குப் பொருள் கொள்ளக் கூடாது. "நீ இருந்தாலும் ஒன்று, இல்லாவிட்டாலும் ஒன்று" என்ற செய்தியை ஒரு பிள்ளை தாங்குவது, கோபத்தைத் தாங்குவதைவிடக் கடினம் என்று பொருள். முகம் கொடுத்துப் பேசுவது என்று தமிழில் சொல்கிறோமே, அரவணைப்பு என்பதற்கு அதைவிடச் சரியான விளக்கம் எனக்குத் தெரியாது.

இனி இழுபறியான பகுதி. அரவணைப்பும் தன்மதிப்பும் சேர்ந்து காணப்படுகின்றன, சரி. எது எதை உண்டாக்குகிறது? தன்னைப் பற்றி நல்லபடி நினைக்கும் பிள்ளை சிரித்த முகத்தோடு வருகிறது, பெற்றோருக்கும் அதனிடம் கனிவாக இருக்க எளிதாகிறது. தன்னையே வெறுக்கும் பிள்ளை எரிந்து விழுகிறது, பெற்றோரும் ஒதுங்கிவிடுகிறார்கள். மனம் சோர்ந்திருக்கும்போது நிரப்பிய படிவத்தில், வீட்டில் இருக்கும் அன்பும் கண்ணுக்குத் தெரியாமல் போகிறது. ஒரே நாளில் இரண்டையும் அளந்தால் இவற்றைப் பிரிக்க வழியில்லை. வருடக்கணக்கில் பின்தொடர்ந்து பார்க்க வேண்டும். அப்படிப் பார்த்தவர்களுக்குள் ஒற்றுமை இல்லை. 2015இல் வந்த ஓர் ஆய்வு ஜெர்மனியில் 982 பேரையும் அமெரிக்காவில் 451 பேரையும் 12 வயதிலிருந்து 16 வயதுவரை தொடர்ந்தது. பெற்றோருடனான நெருக்கமும் தன்மதிப்பும் அந்தந்த நேரத்தில் ஒட்டியே இருந்தன. ஆனால் முந்தைய வருட நெருக்கம் பிந்தைய வருடத் தன்மதிப்பை உயர்த்தியதா என்று ஆறு விதமாகக் கணக்கிட்டுப் பார்த்தும் அந்தத் தடயம் கிடைக்கவில்லை. 2020இல் வந்த இன்னொன்று, அமெரிக்காவில் வாழும் மெக்சிகோ வம்சாவளிக் குடும்பங்கள் 674ஐப் பிள்ளையின் 10 வயது முதல் 16 வயதுவரை தொடர்ந்தது. அதில் பெற்றோரின் அரவணைப்பு பிற்காலத் தன்மதிப்பை ஓரளவு முன்னறிவித்தது. இரண்டுமே கவனமாகச் செய்யப்பட்ட ஆய்வுகள்.

என் கணிப்பைக் கேட்டால், கணிப்பு என்றே எடுத்துக்கொள்ளுங்கள், அஸ்திவாரத்தின் பெரும்பகுதி முன்னமே போடப்பட்டுவிடுகிறது. உல்ரிக் ஓர்த் என்ற ஆய்வாளர் 8,711 பேரின் தரவுகளைப் பார்த்தபோது, முதல் ஆறு வருடங்களில் வீட்டுச் சூழல் எப்படி இருந்தது என்பதன் தாக்கம் 27 வயதுவரை, வருடத்துக்கு வருடம் மெலிந்துகொண்டே போனாலும், தெரிந்தது. பதினாறு பதினேழு வயதில் பெற்றோர் செய்வது புது அஸ்திவாரம் போடுகிற வேலை மாதிரி இருக்காது. இருப்பதை இடிக்காமல் காப்பது, விரிசல் விட்ட இடத்தைப் பூசுவது என்கிற அளவில் இருக்கும். மரபணுவின் பங்கும் உண்டு. இரட்டையர்களை வைத்துச் செய்த ஆய்வுகள் தன்மதிப்பு வேறுபாட்டில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு முதல் பாதிவரை மரபோடு சேர்க்கின்றன. ஒரே தாய் தகப்பனிடம் ஒரே மாதிரி வளர்ந்த இரண்டு பிள்ளைகளில் ஒன்று தன்னை ராஜாவாக நினைப்பதும் மற்றொன்று தன்னைத் தூசியாக நினைப்பதும் நீங்கள் பார்த்திருப்பீர்கள். போதாக்குறைக்கு நண்பர்கள், வகுப்பறை, உடம்பு மாறும் விதம், போனில் நாள் முழுக்கப் பார்க்கும் அழகான முகங்கள். இத்தனையும் சேர்ந்து செய்த ஒன்றுக்கு நீங்கள் மட்டும் கையெழுத்துப் போட வேண்டியதில்லை.

இதைச் சொன்ன கையோடு, உங்களைச் சங்கடப்படுத்தக்கூடிய பகுதிக்கும் வர வேண்டும். பெரிய பிள்ளைகளின் விஷயத்தில் அன்பின் அளவைவிட அதன் சீர்மைதான் அதிகம் பேசுகிறது என்பது என் அனுபவம். மதிப்பெண் வந்த அன்று இருக்கும் முகமும், வராத அன்று இருக்கும் முகமும் ஒன்றா? திட்டினீர்களா என்று நான் கேட்கவில்லை. முகம் மாறியதா என்று கேட்கிறேன். ஒரு பையன், பதினேழு வயது, என்னிடம் சொன்னது இது: "அம்மா அடிக்க மாட்டாங்க, கத்த மாட்டாங்க. மார்க் குறைஞ்சா தட்டை வைக்கிற சத்தம் மட்டும் மாறும்." மூன்று நாள் வரை அந்தச் சத்தம் நீடிக்குமாம். நாலாவது நாள் அம்மா தானாகவே பழையபடி ஆகிவிடுவார். அந்த மூன்று நாளில் தான் யார் என்பதே அவனுக்குத் தெரியாமல் போகும் என்றான். அந்த அம்மாவிடம் கேட்டபோது, "நான் ஒரு வார்த்தைகூடச் சொல்லலையே" என்றார். அதுவும் உண்மைதான்.

ஆவி அசோர், கை ரோத், எட்வர்ட் டெசி மூவரும் 2004இல் இதைத்தான் ஆராய்ந்தார்கள். எதிர்பார்ப்பை நிறைவேற்றும்போது அன்பு கூடுகிறது, தவறினால் குறைகிறது என்று உணர்ந்து வளர்ந்த இளைஞர்கள் பெற்றோர் விரும்பியதைச் செய்யத்தான் செய்தார்கள். ஆனால் உள்ளே இருந்து ஏதோ ஒன்று பிடித்துத் தள்ளுவதைப் போல உணர்ந்தார்கள். வென்றபோது வந்த மகிழ்ச்சி சீக்கிரம் வற்றியது. தோற்றபோது வெட்கம் வந்தது, பெற்றோர் மேல் கசப்பும் தங்கியது. அதே ஆய்வின் இன்னொரு பகுதியில் கண்டதை நினைத்தால் எனக்கு இன்றும் மனம் கனக்கிறது: தங்கள் பெற்றோரிடம் இதை அனுபவித்து வலி உணர்ந்த தாய்மார்களிடமே, தங்கள் மகள்களிடம் அதையே செய்யும் போக்கும் தெரிந்தது. கெட்ட எண்ணத்தால் வருவதல்ல இது. பிள்ளை முன்னேற வேண்டும் என்ற தவிப்புக்கு நமக்குத் தெரிந்த வடிவம் அது ஒன்றுதான் என்பதால் வருகிறது. முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வது, செய்ததைச் சொல்லிக்காட்டுவது, "உனக்காக நான் என்னெல்லாம் விட்டேன் தெரியுமா" என்று குற்ற உணர்ச்சியைக் கிளறுவது ஆகியவற்றை பிரையன் பார்பர் என்ற ஆய்வாளர் 1990களில் உளவியல் கட்டுப்பாடு என்ற தலைப்பின்கீழ் கொண்டுவந்தார். ராத்திரி எத்தனை மணிக்குள் வீட்டுக்கு வர வேண்டும் என்று வரம்பு வைப்பது வேறு, பிள்ளையின் மனதுக்குள் கையை விட்டுத் திருகுவது வேறு என்று பிரித்துக் காட்டினார். இரண்டாவதோடு மனச்சோர்வு ஒட்டிக்கொண்டே வருகிறது.

ஆகவே கண்டிப்பை விட்டுவிட்டால் அரவணைப்பு வந்துவிடும் என்று நினைக்காதீர்கள். ஸ்டான்லி கூப்பர்ஸ்மித் 1967இல் எழுதிய நூலில், தன்மதிப்பு உயர்ந்திருந்த சிறுவர்களின் வீடுகளில் மூன்று விஷயங்கள் சேர்ந்து இருந்ததைக் காட்டினார்: பிள்ளையை அப்படியே ஏற்றுக்கொள்வது, தெளிவான வரம்பு, அந்த வரம்புக்குள் அவனுக்கு இடம். அவர் பார்த்தவர்கள் 10 முதல் 12 வயதுச் சிறுவர்கள். பதினேழு வயதுக்கு அப்படியே பொருத்தக் கூடாது. ஆனால் மூன்றாவது விஷயத்தின் எடை வயது ஏற ஏறக் கூடுகிறது என்பதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். எட்டு வயதில் மடியில் உட்கார வைப்பது அரவணைப்பு. பதினேழில், அவள் எடுத்த ஒரு முடிவு உங்களுக்குப் பிடிக்காவிட்டாலும் அவளை எடுக்க விடுவது அரவணைப்பு. அவள் சாத்திய கதவைத் தட்டிவிட்டுக் காத்திருப்பதும் அதில் சேரும். சுவீடனில் ஸ்டாட்டினும் கெர்ரும் 2000இல் காட்டியது இங்கே பொருந்தும். பிள்ளையைப் பற்றிப் பெற்றோருக்குத் தெரிந்திருப்பது பெரும்பாலும் துருவித் துருவிக் கேட்டு வந்தது அல்ல, பிள்ளை தானாக வந்து சொன்னதால் வந்தது.

"உன்னை மாதிரி புத்திசாலி யாருமே இல்ல" என்ற வாக்கியத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதை அன்பின் சாட்சியாக எழுதியிருக்கிறீர்கள். நெதர்லாந்தில் எடி பிரம்மல்மேனும் குழுவினரும் 565 பிள்ளைகளைத் தொடர்ந்து பார்த்து 2015இல் எழுதினார்கள். "என் பிள்ளை மற்றவர்களைவிட உசத்தி" என்று பெற்றோர் தூக்கி வைப்பது பிள்ளையிடம் தற்பெருமையை வளர்த்தது, தன்மதிப்பை வளர்க்கவில்லை. தன்மதிப்போடு சேர்ந்து வந்தது அரவணைப்புதான். அந்தப் பிள்ளைகளும் சின்னவர்கள், பத்து வயதை ஒட்டியவர்கள், அதனால் உங்கள் மகளுக்கு அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆனால் அவள் இருக்கும் இடத்திலிருந்து யோசித்துப் பாருங்கள். பதினேழு வயதில் அவளுக்குத் தன் வகுப்பில் தன்னைவிட வேகமாகப் புரிந்துகொள்கிறவர்கள் யார் யார் என்று நன்றாகவே தெரியும். "யாருமே இல்ல" என்று நீங்கள் சொல்லும்போது அவளுக்கு இரண்டில் ஒன்றுதான் தோன்றும்: அம்மாவுக்கு உண்மை தெரியாது, அல்லது அம்மா நேசிப்பது இல்லாத ஒருத்தியை. அதனால்தான் இந்தப் பாராட்டைக் கேட்டுச் சில பிள்ளைகள் அழுகிறார்கள், பெற்றோருக்கு ஏன் என்று புரிவதில்லை. கண்ணால் பார்த்ததைச் சொல்லுங்கள். "அந்தப் பொண்ணு அழுதப்போ நீ அவ பக்கத்துல போய் உக்காந்த, பாத்தேன்." இதை அவளால் மறுக்க முடியாது, ஏனென்றால் அது நடந்தது.

அப்பாவைப் பற்றி நீங்கள் எதுவும் எழுதவில்லை. ரோனரின் ஆய்வுகளில் தந்தையின் ஏற்பும் தாயின் ஏற்பைப் போலவே பிள்ளையின் மனநிலையோடு இணைந்திருந்தது, சில இடங்களில் கூடுதலாகவும் இருந்தது. வீட்டில் அவர் இருந்தால், இந்தச் சுமையை நீங்கள் தனியாகத் தூக்க வேண்டியதில்லை. இல்லையென்றால் தாத்தா, சித்தி, ஓர் ஆசிரியர், யாரோ ஒருவரின் நிலையான கனிவும் பெரிதாகவே உதவுகிறது. பெற்றோர் இருவருமே சரியில்லாத வீட்டிலிருந்து வந்து நிமிர்ந்து நிற்கும் பிள்ளைகளிடம் பேசினால், கதையில் எங்கோ ஓரிடத்தில் அப்படி ஒருவர் பெயர் வருவதை நான் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறேன்.

காலம் கடந்துவிட்டதா என்று கேட்டீர்கள். கடக்கவில்லை. பதின்வயதில் எல்லோருக்கும் தன்மதிப்பு சரிந்துவிடும் என்று பலகாலம் சொல்லிவந்தார்கள். ஓர்த்தும் அவரது குழுவினரும் 331 ஆய்வுக் குழுக்களில் இருந்த ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்களின் தரவைத் தொகுத்து 2018இல் வெளியிட்ட முடிவு வேறு மாதிரி இருந்தது: 11 முதல் 15 வயதுவரை சராசரி ஏறக்குறைய நிலையாக நிற்கிறது, அதன்பிறகு 30 வயதுவரை நன்றாகவே ஏறுகிறது. உங்கள் மகள் நிற்பது அந்த ஏற்றத்தின் அடிவாரத்தில். சராசரி என்பது ஒவ்வொருவருக்கும் கொடுக்கப்பட்ட வாக்குறுதி கிடையாது, என்றாலும் காற்று அவள் பக்கம்தான் வீசுகிறது.

ஒரு எச்சரிக்கையை மட்டும் அழுத்திச் சொல்கிறேன். "சில சமயம்" என்ற சொல்லைப் பற்றிச் சொன்னேன் அல்லவா? சில சமயம் தன்னைப் பயனற்றவளாக உணர்வது இந்த வயதில் சாதாரணம். நாள் முழுக்க, இரண்டு வாரத்துக்கு மேல் அப்படியே இருந்தால், தூக்கமோ பசியோ மாறியிருந்தால், பிடித்த விஷயங்களைக்கூட விட்டுவிட்டாள் என்றால், உடம்பில் காயங்களை மறைக்கிறாள் என்றால், "நான் இல்லாட்டி உங்களுக்கு நிம்மதி" என்பதுபோல் பேசினால், அது தன்மதிப்பைப் பற்றிய கேள்வி மட்டுமல்ல. மனச்சோர்வாக இருக்கலாம். அது நோய், அதற்கு வைத்தியம் உண்டு. அரவணைப்பை மட்டும் வைத்துக் குணப்படுத்தப் பார்க்காமல் மனநல மருத்துவரிடம் கூட்டிப்போங்கள். சாகலாம்போல இருக்கிறதா என்று அவளிடம் நேராகவே கேளுங்கள். கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக முளைப்பதில்லை. ஆம் என்றால் அவளைத் தனியாக விடாமல் அன்றைக்கே உதவி தேடுங்கள்.

அப்படி எதுவும் இல்லை என்றால், பேச்சை எடுப்பது பற்றி. "நான் லாயக்கில்லை" என்று பிள்ளை சொன்னதும் "சேச்சே, யார் சொன்னது, நீ எவ்வளவு கெட்டிக்காரி" என்று பதறி மறுப்பது எல்லோருக்கும் வரும். உங்களுக்கும் வந்திருக்கும். அவள் காதில் அது "நீ சொன்னதை நான் கேட்கத் தயாரில்லை" என்று விழுகிறது. அவளுக்கு எதிரே உட்கார்ந்து கேட்பதைவிடப் பக்கத்தில் இருந்து கேட்பது எளிது. நடந்து போகும்போது, துணி மடிக்கும்போது, வண்டியில் போகும்போது, கண்ணோடு கண் பார்க்க வேண்டிய அவசியம் இல்லாத நேரமாகப் பாருங்கள். "அன்னைக்கு லாயக்கில்லன்னு சொன்னியே, நான் உடனே ஏதோ பதில் சொல்லி மூடிட்டேன். எப்போல்லாம் அப்படித் தோணுது?" இவ்வளவு போதும். அதற்குப் பிறகு வாயை மூடிக்கொண்டிருப்பதுதான் கடினமான வேலை. அவள் சொல்லத் தொடங்கினால் அறிவுரையை அடுத்த வாரத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

தட்டு வைக்கும் சத்தம் மாதிரி ஏதாவது உங்கள் வீட்டிலும் உண்டா என்று யோசித்து, உண்டென்று தோன்றினால், அதையும் அவளிடம் சொல்லலாம். "மார்க் குறைஞ்சப்போ நான் முகம் கொடுத்துப் பேசல. அது உன் மேல கோபம் இல்ல, என் பயம். தப்பு என்னோடது." அந்தப் பையனின் அம்மா இதைச் சொல்ல ஐந்து வாரம் எடுத்துக்கொண்டார். சொன்ன அன்று அவன் ஒன்றும் பேசவில்லையாம். எழுந்து போய்விட்டானாம். எனக்குப் போன் பண்ணி, சொதப்பிவிட்டேன் என்று அழுதார். அடுத்த மாதம் அவன் ஒரு பரீட்சையில் தவறினான். அந்தத் தாளை ஒளித்து வைக்காமல், நேராகக் கொண்டுவந்து அம்மா பக்கத்தில் வைத்தான்.

உங்கள் மகளும் முதல் தடவை "ஒண்ணுமில்லம்மா, விடு" என்று சொல்லக்கூடும். "சரி, எப்போ தோணுதோ அப்போ சொல்லு" என்று விட்டுவிட்டு, மடித்துக்கொண்டிருந்த துணியை மடித்து முடியுங்கள். எழுந்து போகாதீர்கள்.